பங்கஜ் அத்வானி ஸ்னூக்கர் சுற்றை விட்டது தவறா?

பில்லியர்ட்ஸ், ஸ்னூக்கர் இரண்டையும் ஆடும் இந்திய வீரர் பங்கஜ் அத்வானி தொழில்முறை ஸ்னூக்கர் சுற்றை, அதாவது தொழில்முறை ஆட்டக்காரர்களின் போட்டித் தொடரை, இரண்டே பருவங்களில் விட்டுவிட்டாரே, அது தவறில்லையா என்று கேட்டிருக்கிறீர்கள். தவறில்லை என்பதே என் பதில். அந்தப் பதிலுக்கு வந்து சேர எனக்கே பல ஆண்டுகள் பிடித்தன.

பெங்களூரில் அண்ணன் ஆடுவதைப் பார்த்துச் சிறுவயதில் கியூவை, அதாவது பந்தை அடிக்கும் கோலை, கையில் எடுத்தவர் அவர். பயிற்சியாளர் அரவிந்த் சாவூர் அவரை வளர்த்தார். 2003இல் சீனாவில் உலக அமெச்சூர் ஸ்னூக்கர் பட்டம் வென்றபோது வயது 18. 2005இல் மால்டாவில் பில்லியர்ட்ஸின் புள்ளிக் கணக்கு (குறித்த புள்ளியை முதலில் எட்டுவது), நேரக் கணக்கு (குறித்த நேரத்தில் அதிகப் புள்ளி எடுப்பது) ஆகிய இரண்டு உலகப் பட்டங்களையும் ஒரே பயணத்தில் வென்று திரும்பினார்.

இரண்டு ஆட்டங்களும் ஒரே மேசையில் ஆடப்படுவதால் பலரும் அவற்றை அண்ணன் தம்பி என்று நினைக்கிறார்கள். சென்னையில் ஒரு கிளப்பில் பல ஆண்டுகள் மாலை நேரங்களைக் கழித்தவன் என்ற முறையில் சொல்கிறேன், கைக்கு அவை வெவ்வேறு மொழிகள். பில்லியர்ட்ஸில் மூன்றே பந்துகள். நம் பந்து மற்ற இரண்டையும் தொட்டால் 'கேனன்', 2 புள்ளி. நம் பந்து சிவப்பில் பட்டுக் குழியில் விழுந்தால் 'இன்-ஆஃப்', 3 புள்ளி. ஸ்னூக்கரில் வெள்ளையோடு சேர்த்து 22 பந்துகள். வெள்ளை குழியில் விழுந்தால் குறைந்தது 4 புள்ளி எதிராளிக்குப் போய்விடும். ஒன்றில் திறமையாக எண்ணப்படுவது மற்றதில் குற்றம்.

எனக்குச் சொல்லிக்கொடுத்த மார்க்கர் (கிளப்பில் புள்ளி எண்ணி ஆட்டமும் கற்றுத்தருபவர்), பில்லியர்ட்ஸில் பந்துகளைக் கூட்டம் கலையாமல் நகர்த்திக்கொண்டே போகும் மென்மையான அடிகளில்தான் என்னை வைத்திருந்தார். அப்படி ஒரு மாதம் ஆடிவிட்டு ஸ்னூக்கருக்குத் திரும்பினால் தூரத்திலிருந்து பந்தைக் குழியில் தள்ளும் நீளமான பாட் ஒன்றுகூட விழாது. கை தயங்கும். பங்கஜ் அந்தத் தயக்கத்தை வாழ்நாள் முழுக்கத் தாண்டிக்கொண்டே இருப்பவர். என் வியப்பெல்லாம் அதில்தான்.

2012இல் அவர் ஸ்னூக்கர் சுற்றில் சேர்ந்தார். அந்த ஆண்டே லீட்ஸில் மைக் ரசலை வென்று உலக பில்லியர்ட்ஸ் பட்டத்தையும் எடுத்தார். 2013 வெல்ஷ் ஓபனில் கால் இறுதி வரை போய் ஜட் ட்ரம்ப்பிடம் தோற்றார். சுற்றில் நிலைக்க வேண்டுமானால் ஆண்டின் பெரும்பகுதி பிரிட்டனிலேயே கிடக்க வேண்டும். பில்லியர்ட்ஸைக் கிட்டத்தட்ட மறந்துவிட வேண்டும். 2014இல் சுற்றை விட்டார். அதே ஆண்டு லீட்ஸில் பீட்டர் கில்கிறிஸ்டையும் ராபர்ட் ஹாலையும் வென்று மீண்டும் இரட்டைப் பட்டம் பெற்றார்.

பணம் ஸ்னூக்கரில்தான் இருக்கிறது, மறுக்கவில்லை. இந்தியாவில் இந்த ஆட்டக்காரர்களைத் தாங்கி நிற்பவை பெரும்பாலும் பொதுத்துறை நிறுவன வேலைகள்; பங்கஜும் ஓஎன்ஜிசி ஊழியர்தான். 2006இல் தோஹா, 2010இல் குவாங்சோ என இரண்டு ஆசிய விளையாட்டுகளில் பில்லியர்ட்ஸ் தங்கம் வாங்கித் தந்தார். அடுத்த ஆசிய விளையாட்டிலேயே இந்த ஆட்டங்கள் நீக்கப்பட்டன. பதக்கம் இல்லாவிட்டால் அரசின் பார்வையும் இல்லை. அது அவருக்கும் அவர் தலைமுறைக்கும் நேர்ந்த பெரிய அநியாயம் என்றே நினைக்கிறேன்.

உங்கள் கேள்விக்குப் பின்னால் 2025 இருக்கிறது என்று ஊகிக்கிறேன். அந்த ஆண்டு ஷெஃபீல்டில் மார்க் வில்லியம்ஸை 18-12 என்று வென்று சீனாவின் ஜாவ் ஷின்டாங் உலக ஸ்னூக்கர் சாம்பியன் ஆனார். அதே ஜாவை 2015இல் எகிப்தின் ஹுர்காடாவில் உலக அமெச்சூர் ஸ்னூக்கர் இறுதியில் 8-6 என்று வீழ்த்தியவர் பங்கஜ். செய்தியைப் படித்தபோது எனக்கும் நெஞ்சில் ஒரு வலி எழுந்தது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஜாவுக்கு அப்போது வயது 18. முன்னால் ஒரே ஒரு ஆட்டம். பங்கஜுக்கு 30; கையில் இரண்டு ஆட்டங்கள். ஒன்றை விடச் சொல்ல நாம் யார்? 2024 நவம்பரில் தோஹாவில் அவர் 28ஆவது உலகப் பட்டத்தை எடுத்தார். அது பில்லியர்ட்ஸ் பட்டம்; எதிரில் நின்றவர் லீட்ஸில் பார்த்த அதே ராபர்ட் ஹால்.