ஃபார்மேட் செய்த கார்டிலிருந்து காட்சிகளை மீட்க முடியுமா?

கேள்வி: என் ஆவணப்படத்துக்கு ஒளிப்பதிவும் படத்தொகுப்பும் நானே. முதல் நாள் எடுத்தவற்றை இரவில் ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றிவிட்டு, 128 ஜிபி எஸ்டி கார்டை கேமராவிலேயே ஃபார்மேட் செய்து, மறுநாள் 20 நிமிட நேர்காணல் ஒன்றை அதில் எடுத்தேன். இப்போது டிஸ்க் ‘டக் டக்’ என்று சத்தம் போடுகிறது, திறக்கவில்லை. பழுது பார்ப்பவர் பிரித்துப் பார்க்க முன்பணம் கேட்கிறார். தயாரிப்பாளரிடம் இன்னும் சொல்லவில்லை. காட்சிகள் கிடைக்குமா?

பதில்: பெரும்பகுதி கிடைக்க வாய்ப்பு இருக்கிறது. அதற்கு நீங்கள் நம்ப வேண்டியது டிஸ்க்கை அல்ல, கார்டை. அது இன்னும் கேமராவில் இருந்தால் உடனே வெளியே எடுத்து, பக்கவாட்டில் உள்ள சிறிய பூட்டைத் தள்ளிவிடுங்கள். இனி அதில் ஒரு விநாடிகூடப் பதிவு செய்யாதீர்கள்.

கேமராவில் ஃபார்மேட் செய்யும்போது பொதுவாக அழிவது கோப்புகளின் பட்டியல்தான். வாசலில் இருந்த பெயர்ப்பலகையைக் கழற்றியிருக்கிறீர்கள். குடியிருப்பவர் உள்ளேதான் இருக்கிறார். விநாடிக்கு 100 மெகாபிட் அளவில் எடுத்திருந்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி ஆகும். உங்கள் நேர்காணல் 15 ஜிபி இடத்தைத் தின்றிருக்கும். அந்த அளவுக்கு, பெரும்பாலும் முதல் நாளின் தொடக்கக் காட்சிகள், போயிருக்கும்.

முதலில் நேர்காணலை இரண்டு இடங்களில் பிரதி எடுங்கள். பிறகு கார்டு முழுவதையும், காலி போலத் தெரியும் இடங்கள் உட்பட, அப்படியே நகலெடுத்த ஒரே பிம்பக் கோப்பாக வேறொரு டிஸ்க்கில் எடுத்து, மீட்பு வேலையை அந்தப் பிம்பத்தில் மட்டும் செய்யுங்கள். புகைப்படம் மீட்கும் சாதாரண மென்பொருள் வேண்டாம். சில கேமராக்கள் வீடியோவைத் துண்டு துண்டாக எழுதுகின்றன. அவற்றைச் சேர்க்கத் தெரிந்த மென்பொருள் தேவை. மீண்ட கோப்பு ஓடவில்லை என்றால், அதே கேமராவில் அதே அமைப்பில் எடுத்த நல்ல கோப்பை மாதிரியாகக் காட்டிச் சரிசெய்யலாம். அதற்கு அந்த நேர்காணலே உதவும்.

டிஸ்க்கைப் பற்றி. சத்தம் வருகிறது என்றால் உள்ளே படிக்கும் முனை பழுதாகியிருக்கலாம். மின் இணைப்பைத் துண்டியுங்கள். சாதாரண மேசையில் வைத்து அதைத் திறப்பவரிடம் தயவுசெய்து கொடுக்காதீர்கள். ஒரு தூசி போதும், உள்ளே சுழலும் தட்டைக் கீறிவிடும். டிஸ்க்கை வாங்கி ஆய்வகத்துக்கு அனுப்பும் தரகர்கள் பலர் முதலில் தாங்களே பிரித்துப் பார்த்து, முடியாதபோது ஆய்வகத்துக்கு அனுப்புகிறார்கள். அதற்குள் பாதி நம்பிக்கை போய்விடுகிறது. தூசியற்ற அறை எங்கே, திறப்பவர் யார், என்னென்ன கோப்புகள் மீளும் என்ற பட்டியலைக் காட்டிய பிறகுதான் பணம் வாங்குவீர்களா என்று கேளுங்கள். எழுத்தில் பதில் தராதவரிடமிருந்து டிஸ்க்கைத் திரும்ப வாங்கிவிடுங்கள்.

ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். நான் சொன்னதெல்லாம் கார்டுக்கும் சுழலும் ஹார்ட் டிஸ்க்குக்கும்தான். எஸ்எஸ்டி, அதாவது சுழலும் தட்டு இல்லாமல் சிப்பில் சேமிக்கும் டிஸ்க், வேறு. அதில் அழித்தால், மின்சாரம் இருக்கும்வரை அது பெரும்பாலும் தானாகவே பின்னணியில் பழைய இடங்களைத் துடைத்துக்கொண்டிருக்கும். யாரும் எதையும் எழுத வேண்டியதில்லை. இணைத்து வைத்திருப்பதே ஆபத்து. எஸ்எஸ்டியில் தவறு நடந்தால் யோசிக்காமல் உருவிவிடுங்கள். நாளை மென்பொருள் வாங்கி ஓட்டலாம் என்று இணைத்தே வைத்திருந்தவர்களுக்கு வெறும் பூஜ்யங்கள்தான் மிஞ்சின.

உங்கள் மீது முழுப் பழியையும் நான் போட மாட்டேன். இருவர் வேலை செய்யும் படப்பிடிப்பில், தொகுப்பாளர் பக்கத்திலிருந்து “சரி” வராமல் ஒளிப்பதிவு உதவியாளர் கார்டைத் தொடமாட்டார். ஒரே ஆளை வைத்து ஒரு சம்பளத்தை மிச்சம் பிடிப்பவர்கள் இரண்டாவது டிஸ்க்குக்கும் ஒப்பந்தத்தில் இடம் தருவதில்லை. இது எனக்கு ஆறாத கோபம். அடுத்த ஒப்பந்தத்தில் மூன்று பிரதிகள், அவற்றில் ஒன்று வேறு இடத்தில் என்று எழுதிக் கேளுங்கள். பிரதியைச் சரிபார்க்கும் மென்பொருளால் ஏற்றி, தூங்கி எழுந்து, ஒவ்வொரு கோப்பின் கடைசி நொடிகளையும் ஓட்டிப் பார்த்த பிறகே கார்டை அழியுங்கள்.

தயாரிப்பாளரிடம் இன்றே சொல்லிவிடுங்கள். தொடக்கக் காட்சிகளை மீண்டும் எடுக்க வேண்டியிருந்தால், அந்த மனிதர்களும் இடங்களும் இப்போது கிடைப்பார்கள். மீட்பு முடிய இரண்டு வாரம் காத்திருந்தால் கிடைக்காமல் போகலாம்.