ஒரு கண், ஒரு கையோடு இரண்டு உலகப் போர்களிலும் இருந்த பிரிட்டிஷ் தளபதியின் கதை உண்மையா, கட்டுக்கதையா?

உண்மைதான். எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவிலும் அந்தப் படம் வந்தது. கண்ணில் கறுப்புப் பட்டை, கை இல்லாத வெறும் சட்டைக்கை. சித்தப்பா கீழே "கப்சா" என்று ஒற்றை வார்த்தை போட்டுவிட்டுப் போய்விட்டார். அவரிடம் வாதாடுவதற்காகவே அந்த மனிதர் 1950-ல் எழுதிய தன்வரலாற்றைத் தேடிப் பிடித்துப் படித்தேன்.

பெயர் அட்ரியன் கார்ட்டன் டி வியார்ட். இதில் முதல் வேடிக்கை, அவர் பிறப்பால் பிரிட்டிஷ்காரரே இல்லை. 1880-ல் பிரஸ்ஸல்ஸில் பிறந்த பெல்ஜியர். அப்பா கெய்ரோவில் வழக்கறிஞர். பையனை ஆக்ஸ்ஃபோர்டில் பேலியல் கல்லூரிக்குப் படிக்க அனுப்பினார். 1899-ல் தென்னாப்பிரிக்காவில் போயர் போர் மூண்டதும் பையன் புத்தகத்தை மூடிவிட்டு, பெயரையும் வயதையும் மாற்றிச் சொல்லிப் படையில் சேர்ந்துவிட்டான். அங்கே குண்டடி பட்டுத் திரும்பிய பிறகுதான் வீட்டுக்கு விஷயமே தெரிந்தது. பிரிட்டிஷார் வேண்டாமென்று சொல்லியிருந்தால் எதிரிகளான போயர்களிடம் போய்ச் சேர்ந்திருப்பேன் என்று அவரே எழுதுகிறார். அவருக்குச் சண்டை வேண்டும். யாருக்காக என்பதெல்லாம் அப்புறம். பிரிட்டிஷ் குடியுரிமை வாங்கியதே 1907-ல்தான்.

முதல் உலகப் போர் தொடங்கியபோது அவர் சோமாலிலாந்தில் ஒட்டகப் படையில் இருந்தார். 1914 நவம்பரில் ஷிம்பர் பெரிஸ் என்ற இடத்துக் கோட்டையைத் தாக்கும்போது முகத்தில் சுட்டுவிட்டார்கள். இடது கண் போயிற்று, காதிலும் ஒரு துண்டு போயிற்று. இந்தச் சண்டைக்காக டிஎஸ்ஓ என்ற ராணுவ அதிகாரிகளுக்கான பதக்கம் கிடைத்தது. ஆனால் அவர் மனமெல்லாம் பிரான்ஸ் போர்முனையில். கண்ணாடிக் கண் பொருத்திக்கொண்டு மருத்துவக் குழு முன்னால் நின்று 'தகுதி' வாங்கினார். வெளியே வந்து டாக்ஸியில் ஏறியதும் அந்தக் கண்ணைக் கழற்றி ஜன்னல் வழியாக எறிந்துவிட்டார். கறுப்புப் பட்டை வந்த கதை இதுதான்.

1915-ல் பெல்ஜியத்தின் ஈப்ர் போர்முனையில் இடது கை சிதைந்தது. தொங்கிக்கொண்டிருந்த விரல்களை எடுக்க டாக்டர் மறுத்தாராம். தானே பிய்த்துப் போட்டதாக எழுதியிருக்கிறார். சித்தப்பா 'கப்சா' என்றது இதைத்தான் என்று நினைக்கிறேன். அந்தக் கையைப் பிறகு முழுதாகவே எடுக்க வேண்டியதாயிற்று.

1916 ஜூலை, பிரான்சில் சோம் சண்டை. லா புவாசெல் கிராமத்தில் அவர் க்ளாஸ்டர்ஷயர் படைப்பிரிவின் 8-வது பட்டாலியனுக்குத் தலைவர். மற்ற மூன்று பட்டாலியன்களின் தலைவர்களும் வீழ்ந்துவிட, நான்கையும் இவரே நடத்தினார். கையெறி குண்டின் ஊசியைப் பல்லால் இழுத்து, இருந்த ஒரு கையால் வீசினார். பிடித்த இடம் கைநழுவவில்லை. அதற்குத்தான் பிரிட்டனின் மிக உயர்ந்த வீரப் பதக்கமான விக்டோரியா கிராஸ். பிறகும் மண்டை, இடுப்பு, கால் என்று வரிசையாகக் காயங்கள். லண்டனில் அவர் வழக்கமாகப் போய்ப் படுக்கும் மருத்துவ இல்லத்தில் அவருக்கென்று பைஜாமா தயாராக இருக்குமாம்.

தன்வரலாற்றில் விக்டோரியா கிராஸ் பற்றி ஒரு வரிகூட இல்லை. முன்னுரை எழுதியவர் சர்ச்சில், அப்படியிருந்தும் இல்லை. அதே புத்தகத்தில் போரை அனுபவித்து ரசித்ததாக ஒளிக்காமல் சொல்கிறார். இங்கேதான் எனக்கு அவரோடு ஒட்டவில்லை. அவர் ரசித்த அந்தச் சேற்றில் செத்தவர்கள் பலருக்கு இருபது வயதுகூட ஆகியிருக்காது.

ஆனால் வாட்ஸ்அப் கதைகள் ஒரு விஷயத்தை விட்டுவிடுகின்றன. இரண்டாம் உலகப் போரில் அவர் போன இடமெல்லாம் தோல்வி. இரண்டு போர்களுக்கும் நடுவில் போலந்தின் பிரிபெட் சதுப்பு நிலத்தில் பல வருடம் வாத்து சுட்டுக்கொண்டு நிம்மதியாக இருந்தார். 1939-ல் அந்த நாட்டுக்கே பிரிட்டிஷ் ராணுவத் தூதுக்குழுவின் தலைவரானார். படைகளை விஸ்துலா ஆற்றுக்குப் பின்னால் இழுத்துக்கொள்ளுங்கள் என்றார். போலந்துத் தளபதி கேட்கவில்லை. நாடு விழுந்ததும் ருமேனியா வழியாகத் தப்பினார். அடுத்து, 1940 ஏப்ரலில் நார்வேயின் நாம்சோஸ். விமான எதிர்ப்புப் பீரங்கி இல்லை. பிரெஞ்சு மலைப்படையினர் பனிச்சறுக்குக் கட்டையோடு வந்தார்கள், அதைக் காலில் கட்டும் வார் வரவில்லை. பிரிட்டிஷ் வீரர்களுக்குக் கொடுத்த ரோமத்தோல் கோட்டைப் போட்டால் நடக்க முடியவில்லை. ஜெயிக்க வழியே இல்லாத அந்த இடத்திலிருந்து, தலைக்கு மேல் ஜெர்மன் விமானங்கள் சுற்றும்போது படையைக் கப்பலேற்றினார். ஸ்காட்லாந்தின் ஸ்காப்பா ஃப்ளோ துறைமுகத்துக்கு வந்து சேர்ந்த நாள் மே 5, அவருடைய அறுபதாவது பிறந்தநாள். பல்லால் ஊசி பிடுங்கியதைவிட இதுதான் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. இதற்குப் பதக்கம் எதுவும் கிடையாது.

1941-ல் யூகோஸ்லாவியாவுக்குப் போகும் வழியில் விமானம் லிபியாக் கரைக்கு அருகே கடலில் விழுந்தது. ஒற்றைக் கையோடு நீந்திக் கரையேறினார். கரையில் இத்தாலியர்கள் காத்திருந்தார்கள். ஃப்ளாரன்ஸ் அருகே வின்சிலியாட்டா கோட்டையில் சிறை. அங்கே கைதியாக இருந்த தளபதிகள் மாதக்கணக்கில் சுரங்கம் தோண்டி, 1943 மார்ச்சில் ஆறு பேர் வெளியேறினார்கள். நியூசிலாந்துக்காரர்கள் இருவர் சுவிட்சர்லாந்து போய்ச் சேர்ந்துவிட்டார்கள். நம்ம ஆள் இத்தாலிய விவசாயி வேஷம். ஒரு கண், ஒரு கை, வயது 62, இத்தாலி மொழியில் ஒரு வார்த்தை தெரியாது. இந்த லட்சணத்தில் எட்டு நாள் பிடிபடாமல் திரிந்திருக்கிறார்!

சில மாதத்தில் இத்தாலி ரகசியமாகச் சரணடைவு பேச விரும்பியபோது, நம்பிக்கைக்கு அடையாளமாக இவரையே லிஸ்பனுக்குக் கூட்டிப்போனார்கள். அதற்கு சிவில் உடை தைக்க வேண்டும். பார்த்தால் மைனர் மாதிரி இருக்கக் கூடாது என்பதுதான் அவர் கவலை. பிறகு சர்ச்சிலின் தனிப் பிரதிநிதியாகச் சீனாவில் அந்நாட்டுத் தலைவர் சியாங் கை-ஷேக்கிடம் சில வருடம்.

சீனாவிலிருந்து ஊர் திரும்பும்போது ரங்கூனில் தங்கினார். அங்கே மாடிப்படியில் தென்னைநார் விரிப்பு வழுக்கி விழுந்து, முதுகெலும்பு பல இடங்களில் உடைந்து மயங்கிவிட்டார். அதிலும் பிழைத்து, அயர்லாந்தில் கார்க் மாவட்டத்தில் குடியேறி, 1963-ல் 83 வயதில் காலமானார்.

இதையெல்லாம் குழுவில் தட்டிப் போட்டேன். சித்தப்பா நம்பியது அந்தத் தென்னைநார் விரிப்பை மட்டும்தான்.