கேரல்: பாட்டா, ஆட்டமா?

கேள்வி: எங்கள் சபையின் கீத பவனியில் இந்த ஆண்டு இளைஞர்கள் தெருவில் கைகோத்து வட்டமாக ஆடினார்கள். ‘கேரல்’ என்பது பழைய ஆங்கிலச் சொல். கிறிஸ்து பிறப்புப் பாட்டு என்பதே அதன் ஒரே பொருள். ‘கோரஸ்’ என்பதே அதன் வேர் என்று ஓர் ஆண்டு மலரிலும் படித்தேன். பாட வேண்டியதை ஆடிக் கெடுப்பதைத் தாங்கள் கண்டித்து எழுதுவீர்களா?
– வாசகர் ஒருவர், பாளையங்கோட்டை

பதில்: கண்டிக்கத்தான் பேனாவை எடுத்தேன். அகராதியைப் புரட்டியதும் மூடி வைத்துவிட்டேன்.

கேரல் ஆங்கிலத்தின் சொந்தச் சொத்தே அல்ல. 1300 வாக்கில் பிரெஞ்சிலிருந்து வந்து ஒட்டிக்கொண்ட சொல். அங்கே ‘கரோல்’ என்றால் கைகோத்துச் சுற்றி வரும் ஆட்டம். ஒருவர் பாட்டெடுப்பார், ஆடுகிறவர்கள் திருப்பிப் பாடுவார்கள். கும்மியைப் பார்த்தவர்களுக்கு மேற்கொண்டு விளக்கம் தேவையில்லை.

வேர் ‘கோரஸ்’ என்கிறீர்கள். நீங்கள் கூட்டிவந்த சாட்சியே உங்களுக்கு எதிராகப் பேசுகிறது. கிரேக்கத்தில் ‘கோரஸ்’ என்றால் ஆட்டம், ஆடுகிற கூட்டம். அந்தக் கூட்டத்துக்குக் குழல் ஊதியவரின் பெயரிலிருந்து லத்தீன் வழியாகக் கேரல் பிறந்தது என்பது ஒரு கட்சி. லத்தீனில் சிறு மலர்வளையத்தைக் குறிக்கும் ‘கொரோல்லா’தான் தாய் என்பது இன்னொரு கட்சி. பள்ளியில் தாவரவியல் படித்தவர்களுக்கு அந்தக் கொரோல்லா தெரியும்: பூவின் அல்லி வட்டம். வழக்கு இன்னும் தீரவில்லை. எந்தப் பக்கம் தீர்ந்தாலும் உங்களுக்கு லாபமில்லை. ஒன்று ஆட்டம், மற்றது வட்டம்.

வட்டம் என்ற பொருளை இந்தச் சொல் லேசில் விடவுமில்லை. ராபர்ட் மானிங் என்ற ஆங்கிலத் துறவி 1338-இல் முடித்த செய்யுள் வரலாற்றில், ஸ்டோன்ஹெஞ்ச் கல்வட்டத்தையே ‘கற்களின் கேரல்’ என்கிறார். கல் பாடுமா? மடங்களின் தாழ்வாரத்தில் துறவி தனியே அமர்ந்து படிக்கும் சிறு தடுப்பறைக்கும் இதே பெயர்தான். குளோஸ்டர் பேராலயத்தில் அப்படி 20 தடுப்புகள் வரிசையாக இருக்கின்றன. இன்றும் நூலகங்களில் தனித் தடுப்பு மேசைக்கு அந்தப் பெயர் வழங்குகிறது. ஆங்கிலத்தில் எழுத்தை மாற்றிக்கொண்டார்கள். தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றுதான்.

பாட்டுக்கு வருவோம். 15-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் கேரல் என்பது பாட்டின் கட்டுமானத்தைக் குறித்தது, விழாவை அல்ல. முதலில் ‘பர்டன்’ என்ற பகுதியைப் பாடுவார்கள். ஒவ்வொரு சரணம் முடிந்ததும் அதற்கே திரும்புவார்கள். பல்லவி என்று சொல்லிவிட்டால் வேலை முடிந்தது. பர்டன் என்றால் சுமை என்று தெரிந்தவர்கள் திகைக்க வேண்டாம். இந்தப் பர்டனுக்குப் பின்னால் நிற்பது பிரெஞ்சின் ‘பூர்தோன்’. வண்டையும் அதன் ரீங்காரத்தையும் போலவே, விடாமல் ஒலிக்கும் கீழ்ச் சுருதியையும் அது குறிக்கும். நாகசுரக்காரர்கள் ‘ஒத்து’ என்பார்களே, அதுதான்.

அந்தக் கட்டுமானத்தில் எதை வைத்தும் பாடினார்கள். 1415-இல் அஜின்கோர்ட் போரில் பிரெஞ்சுப் படையை வென்றதற்குக் கடவுளுக்கு நன்றி சொல்லும் கேரல் ஒன்று உண்டு. அதில் மாட்டுத்தொழுவமும் இல்லை, மேய்ப்பர்களும் இல்லை. 1521-இல் விங்கின் டி வோர்ட் அச்சிட்ட கிறிஸ்துமஸ் கேரல் தொகுப்பில், விருந்து மேசைக்குக் காட்டுப்பன்றித் தலை வருவதைக் கொண்டாடும் பாட்டு இருக்கிறது. நீங்கள் இன்று ஆலயத்தில் பயபக்தியோடு நிற்கும் ‘ஒன்பது வாசகங்களும் கேரல்களும்’ வழிபாடு ட்ரூரோ நகரில் 1880-இல்தான் தொடங்கியது. கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரிக்கு 1918-இல் போனது. சொல்லின் வயதோடு ஒப்பிட்டால் நேற்றைய சங்கதி.

(தெருவில் நள்ளிரவு ஒலிபெருக்கி பற்றி நீங்கள் கேட்டிருந்தால் பதில் வேறாக இருந்திருக்கும்.)

கண்டனம்தான் வேண்டும் என்றால், அதற்கும் பழைய முன்மாதிரி உண்டு. 1303-இல் தொடங்கிய தம் இன்னொரு நூலில் அதே மானிங் சொல்லும் கதை இது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு. ஜெர்மனியில் கோல்பிக் என்ற ஊரின் ஆலய முற்றத்தில் சிலர் கைகோத்துக் கேரல் ஆடுகிறார்கள். உள்ளே பூசை செய்துகொண்டிருந்த குருவுக்குக் கோபம் வந்தது. ‘இப்படியே ஓராண்டு ஆடுங்கள்’ என்று சபித்துவிட்டார். சபித்த பிறகுதான் தம் மகளும் அந்த வட்டத்தில் இருப்பது நினைவுக்கு வந்தது. அவளை இழுத்து வரச் சொல்லித் தம் மகனை அனுப்பினார். அவன் கையைப் பிடித்து இழுக்க, கை மட்டும் கழன்று வந்தது. ஒரு சொட்டு ரத்தம் இல்லை. அவள் மற்றவர்களோடு ஆடிக்கொண்டே இருந்தாள். ஓராண்டு முடிந்து ஆட்டம் நின்றபோது அவள் இறந்துபோனாள்.

ஆகையால், கண்டனத்தை அச்சுக்கு அனுப்புவதற்கு முன் ஒரு விவரம் தேவைப்படுகிறது. அந்த வட்டத்தில் உங்கள் வீட்டுப் பிள்ளைகள் யாராவது இருந்தார்களா என்று விசாரித்து எழுதுங்கள்.