வண்டிப்பாதையில் கல்லுக்கால் நட்டால் யாரிடம் போவது?

கேள்வி: காவேரிப்பட்டணம் பக்கம் எங்கள் மாந்தோப்புக்குப் போகும் வண்டிப்பாதையில் பக்கத்து நிலத்துக்காரர் கல்லுக்கால் நட்டுக் கம்பிவேலி போட்டுவிட்டார். டிராக்டர் நுழையவில்லை. கேட்டால், "பி மெமோ கட்டுகிறேன், இடம் எனக்குத்தான்" என்கிறார். கிராம நிர்வாக அலுவலரோ, "இது சிவில் பிரச்சினை, கோர்ட்டுக்குப் போங்க" என்கிறார். என்ன செய்யலாம்?

பதில்: பி மெமோவைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். அது புறம்போக்கை அனுபவிப்பவரிடம் 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி அரசு வசூலிக்கும் தீர்வை, அவ்வளவுதான். பட்டாவுக்கு அது ஈடாகாது. சொல்லப்போனால், அந்த இடம் அரசுடையது என்பதற்கு அவர் கையில் இருக்கும் ரசீதே சாட்சி. ஒரு நகல் கிடைத்தால் விடாதீர்கள். வரி ரசீது, கரண்ட் இணைப்பு எல்லாம் இதே கதைதான். நெடுங்காலம் அனுபவித்ததால் இடம் எனக்கே என்று கேட்கும் எதிரிடை அனுபவத்தை, தனியார் நிலமென்றால் 12 ஆண்டுக்குப் பிறகு பேசலாம். அரசு நிலமென்றால் 30 ஆண்டு.

கோர்ட்டுக்குப் போகும் முன் ‘அ’ பதிவேட்டையும் (எந்த சர்வே எண் என்ன வகை நிலம், யாருடையது என்று சொல்லும் கிராமப் பதிவேடு) புலப்படத்தையும் (அளவுகளோடு கூடிய நில வரைபடம்) எடுங்கள். இரண்டும் இணையத்திலேயே கிடைக்கும். பாதைக்குத் தனி சர்வே எண் இருந்து, ‘வண்டிப்பாதை புறம்போக்கு’ என்று பதிவாகியிருந்தால் இது வருவாய்த்துறை வேலை. "சிவில்" என்று கைகழுவ முடியாது. கூடவே கட்டணம் கட்டி உங்கள் பட்டா நிலத்தை அளக்க விண்ணப்பியுங்கள். சர்வேயர் உங்கள் எல்லையைக் காட்டும்போதே பாதை எங்கே தொடங்குகிறது என்பதும் தெரிந்துவிடும்.

அப்புறம் கிருஷ்ணகிரி தாசில்தாருக்கு மனு. "பாதையை மறித்துவிட்டார்" என்று மட்டும் எழுதாதீர்கள். சர்வே எண், புலப்படத்தில் உள்ள அகலம், இப்போது மிச்சமிருக்கும் அகலம், வேலி தெரியும் போட்டோ எல்லாம் இருக்கட்டும். அதே நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் ஏழாவது பிரிவில் நோட்டீஸ் கொடுத்து, ஆறாவது பிரிவில் அகற்ற வேண்டும் என்று வெளிப்படையாகக் கேளுங்கள். அந்த நோட்டீஸ் முக்கியம். எதிராளியின் விளக்கத்தைக் கேட்காமல் ஜேசிபியைக் கொண்டுவந்தால், அந்த ஒரு ஓட்டையை வைத்தே அவர் தடை வாங்கிவிடுவார். திங்கள்கிழமை குறைதீர் நாளில் கலெக்டரிடமும் ஒரு நகல் கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். ஊராட்சிச் சாலையாக இருந்தால் ஊராட்சிக்கும் அகற்றும் அதிகாரம் உண்டு.

பொதுவழி அடைபட்டிருப்பதால் கோட்டாட்சியரிடமும் போகலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133ஆவது பிரிவு, 2024 ஜூலை முதல் அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் (பி.என்.எஸ்.எஸ்.) 152ஆவது பிரிவு. தடையை நீக்கு, இல்லையேல் வந்து காரணம் சொல் என்று அவர் நிபந்தனை உத்தரவு போடலாம். பலர் இந்த வழியை மறந்துவிடுகிறார்கள்.

மனு கிடப்பில் கிடந்தால், அதிகாரிகளை நடவடிக்கை எடுக்கச் சொல்லும்படி சென்னை உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு. மனு கொடுத்ததற்கான ரசீதுகள் அங்கேதான் உதவும். ஆனால் முதல் ரிட்டில் பெரும்பாலும் "இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுங்கள்" என்றுதான் உத்தரவு வரும். உடனே வேலி விழுந்துவிடும் என்று நினைக்காதீர்கள். அதையும் மதிக்காவிட்டால் ஓராண்டுக்குள் நீதிமன்ற அவமதிப்பு மனு போட வேண்டும்.

ஒன்றை மட்டும் செய்யாதீர்கள்: ஆத்திரத்தில் நீங்களே கல்லைப் பிடுங்குவது. சொத்தைச் சேதப்படுத்தியதாக வழக்கு உங்கள் மேல் வரும். பேச்சு பாதையை விட்டுப் போலீஸ் ஸ்டேஷனுக்கு மாறிவிடும்.

சரி, பதிவேட்டில் பாதையே இல்லை, அது அவருடைய பட்டா நிலம்தான் என்று தெரியவந்தால்? அப்போதுதான் இது சிவில் வழக்கு. 20 ஆண்டு தடையில்லாமல் உரிமையோடு நடந்து வந்த வழி, அல்லது ஒரே சொத்தாக இருந்து பாகம் பிரிந்ததில் தோப்புக்கு வேறு வழியே இல்லாமல் போனது என்று 1882ஆம் ஆண்டு வசதியுரிமைச் (பிறர் நிலத்தின் வழியே போவது போன்ற உரிமை) சட்டப்படி முன்சீப் கோர்ட்டில் கேட்கலாம். வழக்கோடு இடைக்கால உத்தரவு மனுவும், பாதையைப் பார்வையிட்டு அறிக்கை தர கோர்ட் அனுப்பும் வக்கீலான அட்வகேட் கமிஷனரைக் கேட்டு ஒரு மனுவும் போடுங்கள். மாங்காய் அறுப்புக்கு முன்பே போட்டுவிட வேண்டும். மே மாதம் கோர்ட்டுக்குக் கோடை விடுமுறை.