புரியவில்லையா, கேட்டுவிடுங்கள்!

(அரசு மருத்துவமனையில் செவிலியராக இருந்து ஓய்வு பெற்றவர் இந்தப் பகுதிக்குப் பதில் எழுதுகிறார். படுத்த படுக்கையாக இருப்பவர்களை வீடு தேடிப் போய்ப் பார்க்கும் தொண்டர்களுக்கு இப்போது மதுரையில் பயிற்சி தருகிறார். அடுத்தவர் மனதைப் புரிந்துகொள்வது பற்றி வந்த கடிதங்கள் இந்த முறை.)

என் நாத்தனாருக்குப் போன மாதம் கரு கலைந்துவிட்டது. ஐந்தாம் மாதம். பார்க்கப் போனபோது, "வயசு இருக்கு, அடுத்தது நல்லபடியாப் பிறக்கும், இதையே நினைச்சு உடம்பைக் கெடுத்துக்காதே" என்றேன். முகம் மாறி, உள்ளே போய்ப் படுத்துக்கொண்டாள். இப்போது என் போனையே எடுப்பதில்லை. "அடுத்தவங்க மனசு தெரியறது பிறவியிலேயே வரணும், உனக்கு அது இல்லை" என்கிறார் என் கணவர். அப்படியா சிஸ்டர்?
*வாசகி, திருப்பூர்*

இல்லை அம்மா. சிலருக்கு இயல்பிலேயே கொஞ்சம் கூடுதலாக வாய்த்திருக்கலாம். மற்றவர்களுக்குப் பழகினால் வரும். அமெரிக்காவில் பாஸ்டன் நகரத்து மாசசூசெட்ஸ் பொது மருத்துவமனையில் ஹெலன் ரீஸ் என்ற மனநல மருத்துவர் இதைச் சோதித்துப் பார்த்தார். பயிற்சி மருத்துவர்களில் ஒரு பாதிப் பேருக்கு மட்டும் ஒரு மணி நேர வகுப்பு மூன்று நடந்தது. நோயாளியின் முகத்தைப் படிப்பது, குறுக்கே பேசாமல் கேட்பது போன்ற பாடங்கள்தான். யார் வகுப்புக்குப் போனவர் என்று தெரியாத நோயாளிகளே மதிப்பெண் போட்டார்கள். வகுப்புக்குப் போனவர்கள் முந்திவிட்டார்கள். 2012-இல் வெளிவந்த ஆய்வு இது. நம் நாட்டிலும் 2019 முதல் எம்.பி.பி.எஸ். படிப்பில் நோயாளியிடம் நடந்துகொள்ளும் முறைக்கும் பேசும் முறைக்கும் தனிப் பாடம் வந்துவிட்டது. பிறவியில் மட்டுமே வருவதென்றால் எதற்குப் பாடம்? உங்கள் கணவருக்கு இதைப் படித்துக் காட்டுங்கள்.

இப்போது நாத்தனார் விஷயம். நீங்கள் அன்போடுதான் சொன்னீர்கள். ஆனால் நீங்கள் பேசியது இனி வரப்போகும் குழந்தையைப் பற்றி. அவள் நினைத்துக்கொண்டிருந்தது போய்விட்ட குழந்தையை. ஐந்தாம் மாதம் என்றால் வயிற்றுக்குள் அசைவு தெரிந்திருக்கும். இன்னொன்று, வீட்டில் யாரும் வாய் திறந்து பேசாத விஷயம்: அந்த மாதத்தில் கலைந்தால் பல பெண்களுக்குப் பால் சுரந்துவிடும். மார் கட்டிக்கொண்டு வலிக்கும், ரவிக்கை நனையும், குடிக்கக் குழந்தை இருக்காது. அந்த நிலையில் இருக்கும் பெண்ணின் காதில் "அடுத்தது" என்ற சொல் எப்படி விழும்? பிரசவ வார்டில் இப்படிப்பட்ட பெண்களைப் பார்த்திருக்கிறேன். சுற்றி நிற்பவர்கள் ஆறுதல் சொல்லச் சொல்ல அவர்கள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வார்கள்.

போன் வேண்டாம், நேரில் போங்கள். விளக்கம் சொல்லாதீர்கள். "அன்னிக்கு நான் அடுத்த குழந்தையைப் பத்திப் பேசிட்டேன். நீ இந்தக் குழந்தையை நினைச்சுட்டு இருந்தே. உனக்குப் பேசணும்னா கேக்கறேன், வேண்டாம்னா சும்மா கூட உக்காந்திருக்கேன்." இவ்வளவு போதும். அப்புறம் நிஜமாகவே சும்மா இருங்கள். அழுதால் "அழாதே" என்று சொல்லாதீர்கள். நம்மால் பார்த்துக்கொண்டிருக்க முடியாமல்தான் பாதி நேரம் அந்த வார்த்தை வருகிறது.

போவதற்கு முன் வீட்டிலேயே பழகிப் பாருங்கள். எங்கள் தொண்டர்களுக்கு முதல் நாள் கொடுக்கும் பயிற்சியே இதுதான். இரண்டு பேர் எதிரெதிரே உட்கார வேண்டும். ஒருவர் தன் மனக்குறை ஒன்றைச் சொல்வார். மற்றவர் யோசனை சொல்லக் கூடாது, தன் கதையை எடுக்கக் கூடாது. கேட்டு முடித்தபின், "நீங்க சொன்னது இதுதானே?" என்று தன் வார்த்தையில் திருப்பிச் சொல்ல வேண்டும். சொன்னவர் "ஆமாம், அதேதான்" என்றால் சரி. எல்லாரும் தடுக்கி விழும் இடம் சொந்தக் கதைதான். "எங்க பெரியம்மாவுக்கும் இப்படித்தான்" என்று ஆரம்பித்தால், வந்தவர் தன் துக்கத்தை மடித்து வைத்துவிட்டு உங்கள் பெரியம்மா கதையைக் கேட்க வேண்டியதாகிவிடும். உங்கள் கணவர் இன்று மாலை ஆபீசைப் பற்றிக் குறைப்பட்டுக்கொள்ளும்போதே ஆரம்பிக்கலாம்.

அவர் அவளுடைய அண்ணன்தானே? அவரும் வரட்டும். நாத்தனாரின் கணவரிடம் "உங்களுக்கு எப்படி இருக்கு மாப்பிள்ளை?" என்று இதுவரை யாராவது கேட்டிருக்கிறார்களா? அவருக்கும் அது குழந்தைதான்.

மகன் சென்னையில் ஐ.டி. வேலையில் இருக்கிறான். நானும் அந்த வயதைக் கடந்து வந்தவன்தான். அவன் இடத்தில் என்னை வைத்துப் பார்த்துத்தான் எதையும் பேசுகிறேன். ஆனாலும் "உங்களுக்குப் புரியாதுப்பா" என்று எழுந்துவிடுகிறான்.
*ஓய்வு பெற்ற ஆசிரியர், நாகர்கோவில்*

ஐயா, சிக்கலே அங்கேதான் இருக்கிறது. அவன் இடத்தில் உங்களை வைத்தால், அந்த இடத்தில் உட்கார்ந்திருப்பது நீங்கள்தான், அவன் இல்லை. டால் எயால், மேரி ஸ்டெஃபெல், நிக்கோலஸ் எப்லி என்ற மூன்று ஆய்வாளர்கள் 25 சோதனைகள் நடத்தி, 2018-இல் முடிவை வெளியிட்டார்கள். "அடுத்தவர் நிலையில் இருந்து யோசித்துப் பாருங்கள்" என்று சொல்லப்பட்டவர்கள் அதனால் ஒன்றும் சரியாகக் கணித்துவிடவில்லை. அடுத்தவரிடமே கேட்டுத் தெரிந்துகொண்டபோதுதான் கணிப்பு மேம்பட்டது.

நான் கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன். மேலூர்ப் பக்கம் ஒரு பெரியவர். முதுகெலும்பில் புற்றுநோய், எழுந்து நடக்க முடியாது. தண்ணீரே குடிக்க மாட்டார். உதடு வெடித்து, நாக்கு வறண்டு கிடந்தது. "சாக முடிவு பண்ணிட்டாரு" என்று மகன் அழுதார். எங்களோடு வந்த தொண்டர், அவருக்கு வாழ்க்கை வெறுத்துவிட்டது என்று நினைத்துத் தைரியம் சொல்ல வாயெடுத்தார். நான் அவரை நிறுத்திவிட்டு, கட்டில் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, "தண்ணி குடிச்சா என்ன ஆகுதுங்கய்யா?" என்று கேட்டேன். ரொம்ப நேரம் பேசவில்லை. அடுப்படிப் பக்கம் ஒரு தரம் பார்த்தார். அப்புறம் மெதுவாக, "குடிச்சா ஒண்ணுக்கு வரும்மா. பகல்ல மகன் வேலைக்குப் போயிர்றான். மருமகப் புள்ளையத்தான கூப்பிடணும்" என்றார்.

சாகிற எண்ணமே அவருக்கு இல்லை. கைக்கெட்டும் தூரத்தில் சிறுநீர் பிடிக்கும் யூரினல் பாட்டில் ஒன்றை மாட்டி, அவரே வைத்துக்கொள்ளப் பழக்கினோம். அன்று மாலையே ஒரு சொம்புத் தண்ணீர் குடித்தார். அவர் இடத்தில் என்னை வைத்து எவ்வளவு யோசித்திருந்தாலும் அந்த மருமகள் என் நினைவுக்கு வந்திருக்க மாட்டாள்.

உங்கள் மகனிடம் "வேலை எப்படிப் போகுது?" என்று கேட்டால் "போகுது" என்றுதான் பதில் வரும். நீங்கள் பார்த்த ஒன்றைப் பிடித்துக் கேளுங்கள். "நேத்து ராத்திரி சாப்பாட்டுல பாதியில எழுந்து போய்ப் போன் பேசினியே, அது என்ன வேலைப்பா?" பதில் வந்தால் உங்கள் அந்தக் காலத்து அனுபவத்தை அன்று மட்டும் எடுக்காதீர்கள். இன்னொரு கேள்வி கேளுங்கள்.

மூன்றாம் வகுப்புப் படிக்கும் மகள், திக்கிப் பேசும் ஒரு பையனைப் போல நடித்துக் காட்டிச் சிரிக்கிறாள். அடித்தும் பார்த்துவிட்டேன்.
*வாசகி, தஞ்சாவூர்*

அடிக்காதீர்கள். கனடாவின் டொராண்டோவில் 1996-இல் மேரி கோர்டன் என்பவர் ஆரம்பித்த பள்ளித் திட்டம் ஒன்று உண்டு. மாதா மாதம் ஒரு கைக்குழந்தையை அதன் தாயோ தந்தையோ வகுப்புக்குத் தூக்கி வருவார்கள். பச்சைப் போர்வையில் கிடத்துவார்கள். பிள்ளைகள் சுற்றி உட்கார்ந்து, பாப்பா ஏன் அழுகிறது, இப்போது எதைப் பார்த்துப் பயப்படுகிறது என்று கவனித்துச் சொல்ல வேண்டும். பேசத் தெரியாத உயிரின் மனதைப் படித்துப் பழகுகிறார்கள். உங்கள் தெருவிலும் கைக்குழந்தை இருக்குமே. மகளை உட்கார்த்தி வைத்து, "பாப்பாவுக்கு இப்ப என்ன வேணும்னு நினைக்கிறே? எதை வச்சுச் சொல்றே?" என்று கேட்டுப் பழக்குங்கள். அந்தப் பையனைப் பற்றிய பேச்சு சில வாரம் கழித்து வரட்டும்.

நான் மக்களைத் தேடி மருத்துவம் தன்னார்வலர். பி.பி., சுகர் மாத்திரை கொடுக்க வீடு வீடாகப் போகிறேன். எல்லார் கஷ்டத்தையும் கேட்டுக் கேட்டு எனக்குத் தூக்கம் போய்விட்டது.
*சகோதரி, தருமபுரி*

அவர்கள் வலியை அப்படியே வாங்கி உங்களுக்குள் வைத்துக்கொள்கிறீர்கள். ஜெர்மனியில் டானியா சிங்கர், ஓல்கா கிளிமெக்கி என்ற ஆய்வாளர்கள் கண்டது இது: அடுத்தவர் வலியைத் தானும் அனுபவிக்கப் பழகியவர்கள் வாடிப்போனார்கள். அவர்களுக்கே, "இவர் நன்றாக இருக்க வேண்டும்" என்ற பரிவை வளர்க்கும் பயிற்சி கொடுத்ததும் மனம் தேறியது. ஆகவே ஒவ்வொரு வீட்டிலும் இன்று உங்களால் ஆகக்கூடிய ஒரே ஒரு காரியத்தைத் தேடுங்கள். மாத்திரையை டப்பாவில் காலை, இரவு என்று பிரித்து வைப்பதாக இருக்கலாம். அதைச் செய்துவிட்டு வெளியே வாருங்கள். வாரம் ஒரு முறை சக தன்னார்வலர்களோடு உட்கார்ந்து பேசுங்கள், வீட்டுப் பெயர் சொல்லாமல். அதற்கு நேரம் ஒதுக்கித் தர வேண்டியது உங்கள் மேலதிகாரிகள். தயங்காமல் கேளுங்கள்.

என் தோழி "இருந்து என்ன பிரயோஜனம்" என்று அடிக்கடி சொல்கிறாள். நேரடியாகக் கேட்டால் நாமே எடுத்துக் கொடுத்ததுபோல ஆகிவிடாதா?
*வாசகி, விழுப்புரம்*

ஆகாது. கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக வந்துவிடுவதில்லை. சொல்ல வழியில்லாமல் தவித்தவருக்கு வாய் திறக்கிறது. தனியாக இருக்கும்போது, "செத்துடலாம்னு தோணுதாடி?" என்றே கேளுங்கள். "பிள்ளைங்களை நினைச்சுப் பாரு", "அசட்டுத்தனமாப் பேசாதே" இரண்டும் வேண்டாம். "எப்ப இருந்து?", "எப்படின்னு யோசிச்சு வச்சிருக்கியா?" என்று கேளுங்கள். ஆமாம் என்றால் தனியாக விடாதீர்கள். வீட்டில் பூச்சி மருந்து இருந்தால் அப்புறப்படுத்துங்கள். 14416 என்பது டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண், தமிழ்நாட்டில் 104-ம் உண்டு. இரண்டுமே இலவசம், இரவிலும் எடுப்பார்கள். சென்னையில் டாக்டர் லட்சுமி விஜயகுமார் 1986-இல் தொடங்கிய சிநேகா அமைப்பின் தொண்டர்களும் இதற்காகவே இருக்கிறார்கள். அவள் கூப்பிடத் தயங்கினால் நீங்களே எண்ணைப் போட்டு அவள் கையில் கொடுங்கள். இதைப் படித்த இன்றைக்கே போய்ப் பாருங்கள்.