பலகையில் யார் பெயரைப் போடுவது?

கேள்வி: எங்கள் வானியல் மன்றத்தில் மாணவர்களுக்கு ஆறு அங்குலத் தொலைநோக்கி செய்யக் கற்றுத்தரப் போகிறோம். முன்னோடிகளைப் பற்றி ஒரு பலகை வைக்க ஆசை. போர்ட்டர்தான் இந்தக் கலையின் தந்தை என்கிறார் ஒருவர். இங்கால்ஸ் என்கிறார் இன்னொருவர். இணையத்தில் தேடினால் டாப்சன் வருகிறார். யார் சரி?

பதில்: ‘தந்தை’ பட்டத்தை முதலில் விடுங்கள். பெயருக்குப் பக்கத்தில் அவர் செய்த வேலையை எழுதினால் பாதிச் சண்டை ஓய்ந்துவிடும்.

ரஸ்ஸல் போர்ட்டர் 1920ல் அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்து ஸ்பிரிங்ஃபீல்டில், இயந்திரக் கருவித் தொழிற்சாலைக்காரர்களுக்குத் தொலைநோக்கியின் ஆடியை, அதாவது ஒளியைக் குவிக்கும் குழிந்த கண்ணாடியை, தேய்த்துச் செய்யக் கற்றுக்கொடுத்தவர். ஆல்பர்ட் இங்கால்ஸ் சயன்டிஃபிக் அமெரிக்கன் இதழின் ஆசிரியர்களில் ஒருவர். 1925 நவம்பர் இதழில் அந்த ஸ்பிரிங்ஃபீல்டு குழுவைப் பற்றி எழுதினார். வாசகர்கள் செய்முறை கேட்கவே, 1926 தொடக்கத்தில் போர்ட்டரின் கட்டுரைகள் வந்தன. கற்றுக்கொடுத்தவர் ஒருவர், ஊரறியச் செய்தவர் மற்றவர்.

எல்லாரும் தடுக்கி விழும் இடம் ஒன்று உண்டு. 1926ல் வந்த ‘அமெச்சூர் டெலஸ்கோப் மேக்கிங்’ நூலுக்கு இங்கால்ஸ் தொகுப்பாசிரியர். அத்தியாயங்களை எழுதியவர்கள் பலர். நூலகப் பட்டியல்களோ அட்டையில் உள்ள ஒரே பெயரைப் பதிந்துவிட்டுக் கடமை முடிந்தது என்று உட்கார்ந்துவிடுகின்றன. அதைப் பார்த்து ‘இங்கால்ஸ் சொன்ன முறை’ என்று எழுதாதீர்கள். அத்தியாயத்தின் தலைப்பில் யார் பெயர் இருக்கிறதோ அவரைச் சொல்லுங்கள்.

அப்படிப் பார்த்தால்தான் வில்லியம் எல்லிசன் கண்ணில் படுவார். அயர்லாந்துப் பாதிரியார், ஆர்மா வானாய்வகத்தின் இயக்குநர். அமெச்சூர்களுக்கான இவருடைய கையேடு 1920லேயே நூலாக வந்துவிட்டது. அதைத்தான் இங்கால்ஸ் தன் தொகுப்புக்குள் சேர்த்துக்கொண்டார். ஆகவே போர்ட்டரை ‘முதலாமவர்’ என்று எழுதியே தீர வேண்டுமானால் ‘அமெரிக்காவில் பரப்பியவர்களில்’ என்று முன்னால் சேருங்கள். அதை விட்டால் எல்லிசனை அழித்தவர் ஆவீர்கள். ‘உலகில் முதல்’ என்பது எல்லிசனுக்கும் பொருந்தாது; பாதிரியாரைத் தூக்கிவிடுகிறேன் என்று அதையும் போட்டுவிடாதீர்கள்.

ஆடியில் பட்டுத் திரும்பும் ஒளியை பிளேடு முனையால் மறைத்து, தெரியும் நிழலைக் கொண்டு ஆடியின் வடிவத்தைப் பார்ப்பது கத்திமுனைச் சோதனை. அதற்கு எதிரே பாரிஸின் ஃபூக்கோ பெயர்தான் வர வேண்டும். 1850களின் இறுதியில் அவர் கொண்டுவந்தது அது. போர்ட்டர் கண்டுபிடித்ததாகச் சிலர் எழுதுவது தவறு. மாணவர்கள் தவறுவதும் இங்கேதான். குவியத் தூரம் 48 அங்குலமுள்ள ஆடிக்கு விளக்கையும் பிளேடையும் நான்கடியில் வைத்துவிட்டு நிழலே தெரியவில்லை என்பார்கள். வைக்க வேண்டியது வளைவு மையத்தில், அதாவது குவியத் தூரத்தின் இரு மடங்கான 96 அங்குலத்தில், எட்டடி தள்ளி. இந்த அளவைப் பலகையிலேயே எழுதிவிடுங்கள், பயன்படும்.

ஜான் டாப்சன் பிற்காலத்தவர். பெரிய ஆடிகளுக்கு மலிவான மரத் தாங்கி, தெருவோரத்தில் வானம் காட்டுதல், இரண்டும் போதும்.

இங்கால்ஸ் தொகுத்த அந்தப் பழைய நூலின் ஸ்கேனை அச்சடித்து, பதிப்பாண்டு இல்லாமல் விற்கும் ஆட்களிடம் ஜாக்கிரதை. 1937ல் இரண்டாம் தொகுதியும் 1953ல் மூன்றாம் தொகுதியும் வந்தன. 1996 மறுபதிப்பில் அத்தியாயங்களை இடம் மாற்றி அடுக்கிவிட்டார்கள். பழைய மேற்கோளில் உள்ள பக்க எண் புதியதில் ஒத்துவராது. பதிப்பாண்டு சொல்லாத விற்பனையாளரிடம் வாங்காதீர்கள். நீங்கள் மேற்கோள் காட்டும்போதும் ஆண்டைக் குறிப்பிடுங்கள்.