ஃப்ளூகல்ஸும் யோகோஹாமா எஃப்.சி.யும் ஒன்றா? 90,000 யென் கொடுக்கும் முன்

கேள்வி: யோகோஹாமாவில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் வேலை செய்கிறேன். எங்கள் பிரிவுத் தலைவர் மார்ச்சில் ஓய்வு பெறுகிறார். யோகோஹாமா எஃப்.சி. என்றால் அவருக்கு உயிர். அலுவலகத்தில் எல்லாரும் பணம் போட்டு ஒரு பழைய ஜெர்ஸி வாங்கித் தரலாம் என்று இருக்கிறோம். தெரிந்தவர் ஒருவர் ஒரு தரகரைக் காட்டினார். “யோகோஹாமா எஃப்.சி.க்கு முன்பு ஃப்ளூகல்ஸ் என்று பெயர். இது 1995 லீக் ஆட்டத்தில் வீரரே போட்டு ஆடியது, எண் 25, சான்றிதழும் உண்டு” என்று அவர் 90,000 யென் கேட்கிறார். 10,000 யென் முன்பணம் கொடுத்துவிட்டேன். கால்பந்து எனக்கு அவ்வளவாகத் தெரியாது. வாங்கலாமா?

பதில்: வேண்டாம். உங்கள் தரகர் உங்களிடம் சொன்ன இரண்டு முக்கியமான விஷயங்களும் தப்பு. அவருக்கே தெரியாமல் சொன்னாரா, தெரிந்தே சொன்னாரா என்பது எனக்குத் தெரியாது. பழைய ஜெர்ஸி வியாபாரத்தில் இந்த இரண்டுக்கும் விலையில் வித்தியாசம் கிடையாது.

எண்ணை முதலில் முடித்துவிடலாம், அது சுலபம். ஜப்பானின் தொழில்முறை கால்பந்து லீக்கான ஜே லீக்கில் ஒரு வீரருக்கு சீசன் முழுக்க ஒரே எண் என்ற வழக்கம் 1997-இல்தான் வந்தது. அதற்கு முன் அன்றைய ஆட்டத்தைத் தொடங்கும் பதினொரு பேருக்கு 1 முதல் 11 வரை. மாற்று ஆட்டக்காரர்களுக்கு அதற்கு அடுத்த சில எண்கள். இன்றைக்கு 9 போட்டவர் அடுத்த வாரம் 11 போட்டிருக்கலாம். ஆகவே 1995 லீக் ஆட்டத்தில் எண் 25 போட்டு ஆடிய ஜெர்ஸி என்று ஒன்று இருக்க வாய்ப்பில்லை. ரசிகர் யாராவது கடையில் வாங்கிப் பின்னால் எண் ஒட்டிக்கொண்டதாக இருக்கலாம், போன மாதம் எங்கேயோ தைத்ததாகவும் இருக்கலாம். சான்றிதழைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். அதை அச்சடித்தவர் யார் என்று பாருங்கள். பத்தில் ஒன்பது முறை விற்பவர்தான் அச்சடித்திருப்பார். நானும் ஆரம்பத்தில் அப்படி ஒரு தங்க எழுத்துக் காகிதத்தை நம்பி ஏமாந்தவன்தான். ஜெர்ஸி முதல் சலவையிலேயே சாயம் போனது, காகிதம் மட்டும் இன்னும் பளபளப்பாக இருக்கிறது.

இனி பெயர் விஷயம். உங்கள் தலைவருக்கு இதுதான் முக்கியம்.

ஃப்ளூகல்ஸ் என்ற கிளப் பெயர் மாறி யோகோஹாமா எஃப்.சி. ஆகவில்லை. ஃப்ளூகல்ஸ் செத்துப்போனது. யோகோஹாமா எஃப்.சி. அந்தச் சாவு வீட்டிலிருந்து எழுந்து வந்த வேறொரு கிளப். இந்த வித்தியாசம் தெரியாமல் அவரிடம் அந்த ஜெர்ஸியை நீட்டி “உங்கள் கிளப்பின் பழைய சட்டை சார்” என்று சொன்னால், அவர் சிரித்துக்கொண்டே வாங்கிக்கொள்வார், மனசுக்குள் என்ன நினைப்பார் என்று சொல்ல முடியாது.

1993-இல் ஜே லீக் தொடங்கியபோது பத்து கிளப்புகள். அதில் இரண்டு யோகோஹாமா ஊர்க்காரர்கள்: மரினோஸ், ஃப்ளூகல்ஸ். மரினோஸின் பின்னால் இருந்தது நிசான் கார் கம்பெனி. ஃப்ளூகல்ஸின் பின்னால் ஆல் நிப்பான் ஏர்வேஸ் என்ற விமான கம்பெனியும் சாட்டோ கோக்யோ என்ற கட்டுமான கம்பெனியும். ஃப்ளூகல் என்றால் ஜெர்மன் மொழியில் சிறகு. விமான கம்பெனிக்காரர்கள் வைத்த பெயர் என்பது அதிலேயே தெரிகிறது. சின்ன கிளப் என்று நினைத்துவிடாதீர்கள். 1994 புத்தாண்டு அன்று, ஜப்பானின் நாக்அவுட் போட்டியான பேரரசர் கோப்பையின் இறுதியில் காஷிமா ஆன்ட்லர்ஸை 6-2 என்று அடித்தார்கள். அடுத்து ஆசியக் கோப்பை வெற்றியாளர் கோப்பையையும் வாங்கினார்கள். பிரேசிலின் சீன்யோ, எவாய்ர், சேசர் சம்பாயோ எல்லாரும் அங்கே ஆடியவர்கள். 1998 உலகக் கோப்பையின் முதல் கோலை அடித்த அதே சம்பாயோதான்.

அந்த 1998-இலேயே கட்டுமான கம்பெனிக்குப் பணமுடை; இனி முடியாது என்று கையை விரித்தது. விமான கம்பெனி தனியாகச் சுமக்க விரும்பவில்லை. அக்டோபர் 29-ஆம் தேதி, ஃப்ளூகல்ஸ் மரினோஸோடு இணைகிறது என்று அறிவித்துவிட்டார்கள். ஆடிக்கொண்டிருந்த வீரர்களிடமும் கேட்கவில்லை, ரசிகர்களிடமும் கேட்கவில்லை. கிளப் கம்பெனிக்கு இல்லை, ஊருக்குச் சொந்தம் என்று சொல்லி, கிளப் பெயரில் கம்பெனி பெயர் வரக்கூடாது என்று வரிந்துகட்டிச் சண்டை போட்ட லீக் அது. இரண்டு கம்பெனிகள் ஒரு அறையில் உட்கார்ந்து ஓர் ஊரின் கிளப்பை மூடியபோது மட்டும் அந்தக் கொள்கை எங்கே போனதோ. இத்தனை வருஷம் ஆகியும் எனக்கு இது ஆறவில்லை.

அறிவிப்புக்குப் பிறகு அந்த அணி தோற்கவே இல்லை. மீதம் இருந்த நாலு லீக் ஆட்டங்களிலும் வென்றது; அதில் முதல் ஆட்டம் செரெசோ ஒசாகாவுக்கு எதிராக 7-0. பேரரசர் கோப்பை நாக்அவுட் போட்டி, ஒரு தோல்வி என்றால் கிளப்பின் கதை அன்றோடு சரி. ஜூபிலோ இவாட்டா, காஷிமா என்று அன்றைக்கு நாட்டிலேயே பலமான இரண்டு அணிகளையும் தாண்டி, 1999 ஜனவரி 1 அன்று டோக்கியோ தேசிய மைதானத்தில் ஷிமிசு எஸ்-பல்ஸை 2-1 என்று வென்று கோப்பையைத் தூக்கினார்கள். வெற்றி கோலை அடித்த யோஷிடா தக்காயுகிதான் பின்னாளில் விசெல் கோபேயின் பயிற்சியாளராக 2023, 2024 இரண்டு ஜே1 (லீக்கின் முதல் பிரிவு) பட்டங்களையும் வென்றவர். கோப்பையோடு மைதானத்தைச் சுற்றி வந்தார்கள். அதன் பிறகு அந்த அணி ஆடவில்லை.

இந்த இடத்தில் ஒரு விதிவிலக்கைச் சொல்ல வேண்டும், ஏனென்றால் தரகர்களுக்கு மிகவும் பிடித்த சந்து இது. “1999 ஃப்ளூகல்ஸ்” என்று எழுதிய பொருள் ஏதாவது கண்ணில் பட்டால், கிளப்பே 1998-இல் முடிந்ததே, இது போலி என்றுதான் யாருக்கும் தோன்றும். எனக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியது. ஆனால் இறுதி ஆட்டம் நடந்த தேதி 1999-இன் முதல் நாள். போட்டி என்னவோ 1998-க்கான 78-ஆவது பேரரசர் கோப்பை. ஆட்டம் நடந்த வருஷம் 1999. அதனால் அன்றைய துண்டு, கொடி, நிகழ்ச்சிப் புத்தகம் ஆகியவற்றில் ஜனவரி 1, 1999 என்ற தேதி இருப்பது சரியே. ஆனால் “1999 சீசன்” ஃப்ளூகல்ஸ் ஜெர்ஸி என்று யாராவது கொண்டுவந்தால் அது பொய், ஏனென்றால் அந்த சீசனே அவர்களுக்குக் கிடையாது. தேதியாக 1999 இருக்கலாம், சீசனாக 1999 இருக்க முடியாது. திருப்பித் திருப்பிச் சொல்கிறேன் என்று நினைக்காதீர்கள். இதைச் சரியாகப் புரிந்துகொள்ளாமல் நல்ல துண்டைப் போலி என்று திருப்பிக் கொடுத்தவர்களையும், போலி ஜெர்ஸியை “ஜனவரி 1 இருக்கிறதே” என்று வாங்கியவர்களையும் பார்த்திருக்கிறேன்.

சரி, இணைந்த பிறகு என்ன ஆனது? மரினோஸ் தன் பெயருக்கு முன்னால் ஓர் “எஃப்” சேர்த்துக்கொண்டு யோகோஹாமா எஃப். மரினோஸ் ஆனது. அந்த ஓர் எழுத்துதான் ஃப்ளூகல்ஸின் நினைவுச் சின்னம். உண்மையில் இணைந்தார்களா என்று தெரிய வேண்டுமானால் கோப்பைக் கணக்கைப் பாருங்கள்: எஃப். மரினோஸ் தன் பேரரசர் கோப்பைகள் ஏழு என்கிறது. 1992 போட்டி வரை ஆறு, 2013-இல் ஒன்று. ஃப்ளூகல்ஸ் வென்ற இரண்டும் அந்த ஏழில் இல்லை! அப்புறம் என்ன இணைப்பு? வீரர்களும் நாலா பக்கம் சிதறினார்கள். கோல்கீப்பர் நரசாக்கி நகோயாவுக்குப் போனார். 1998-இல்தான் அணிக்கு வந்திருந்த எண்டோ யசுஹிட்டோ கியோட்டோவுக்குப் போய், பின்பு கம்பா ஒசாகாவில் பெரிய ஆளாகி, ஜப்பானுக்காக 152 ஆட்டங்கள் ஆடினார். “எண்டோவின் ஃப்ளூகல்ஸ் ஜெர்ஸி” என்று யாராவது சொன்னால் பர்ஸைச் சட்டைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். அவர் அங்கே ஆடியது ஒரே ஒரு சீசன். விற்பனைக்கு வருவதைப் பார்த்தால் பத்து வருஷம் ஆடியதுபோல இருக்கிறது. “கசு மியூராவின் ஃப்ளூகல்ஸ் ஜெர்ஸி” என்று ஒன்றும் வரும். ஜப்பானின் பெரிய நட்சத்திர வீரரான கசு ஃப்ளூகல்ஸில் ஆடியதே இல்லை. 1993-இல் அவர் வெர்டி கவாசாகி, யோகோஹாமா எஃப்.சி.க்கு வந்தது 2005-இல்.

ஃப்ளூகல்ஸ் ரசிகர்களில் பலர், எதிரி அணியின் கொடியைப் பிடிக்க மாட்டோம் என்று சொல்லிவிட்டு, தாங்களே பணம் திரட்டி ஆரம்பித்ததுதான் யோகோஹாமா எஃப்.சி. ஜெர்மனிக்காரர் பியர் லிட்பார்ஸ்கி முதல் பயிற்சியாளர். அவர்களுடைய சின்னத்தில் இருப்பது சாம்பலிலிருந்து எழும் பீனிக்ஸ் பறவை.

லீக்குக்காரர்கள் என்ன செய்தார்கள்? கீழே ஜேஎஃப்எல் என்ற லீக்கில் போய்ச் சேரச் சொன்னார்கள். அதே 1999-இல்தான் ஜே லீக்கை ஜே1, ஜே2 என்று இரண்டாக உடைத்தார்கள். ஜேஎஃப்எல் அதற்கும் கீழே. யோகோஹாமா எஃப்.சி. முதல் வருஷமே அங்கே முதலிடம். ஆனாலும் மேலே ஏற்றவில்லை, ஏனென்றால் அவர்கள் முழு உறுப்பினர் இல்லையாம். 2000-இல் மறுபடியும் முதலிடம் வந்த பிறகுதான் 2001-இல் ஜே2. பசித்து வந்தவனுக்குச் சோறு போடாமல் படிவம் கொடுப்பது என்றால் இதுதான்.

அப்புறம் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2006-இல் ஜே2 சாம்பியன். 2007-இல் ஜே1-இல் முதல் வருஷம், மார்ச்சில் எஃப். மரினோஸை 1-0 என்று வென்றார்கள், ஆகஸ்டில் அதே அணியிடம் 8-1 என்று வாங்கிக் கட்டிக்கொண்டார்கள், கடைசி இடத்தில் முடித்தார்கள். ஆனால் அந்த வருஷத்தின் கடைசி நாளில், பட்டத்தைத் தொடவிருந்த உராவா ரெட்ஸை 1-0 என்று தோற்கடித்தார்கள். கோலுக்குப் பந்தைக் கொடுத்தவர் நாற்பது வயது கசு. பட்டம் காஷிமாவுக்குப் போனது. அதற்குப் பிறகு 2020, 2023, 2025 என்று ஜே1-க்கு ஏறினார்கள். மொத்தம் நாலு முறை ஏறி நாலு முறையும் இறங்கினார்கள்.

இதையெல்லாம் உங்கள் தலைவர் பக்கத்திலிருந்து பார்த்தவராக இருக்கலாம். அதனால் ஜெர்ஸி வாங்குவதற்கு முன் பேச்சுவாக்கில் ஒன்றே ஒன்று கேளுங்கள்: எந்த வருஷத்திலிருந்து யோகோஹாமா எஃப்.சி. பார்க்கிறார்? 1999 என்று சொன்னால் அவர் அநேகமாக ஃப்ளூகல்ஸ் ரசிகர். நல்ல ஃப்ளூகல்ஸ் பொருள் அவரை அழவைத்துவிடும், அது நல்ல அழுகையா கெட்ட அழுகையா என்பது மனிதரைப் பொறுத்தது. கசு வந்த பிறகு என்று சொன்னால் ஃப்ளூகல்ஸை மறந்துவிடுங்கள். 2006 சாம்பியன் வருஷத்து அல்லது 2007-ஆம் வருஷத்து ரசிகர் ஜெர்ஸியை வாங்குங்கள். ஆட்டக்காரர் போட்டது வேண்டாம். கடையில் ரசிகர்களுக்கு விற்றதே போதும், விலையும் உங்கள் தரகர் கேட்பதில் ஒரு சிறு பங்குதான் வரும். அந்தக் காலத்துப் பொருளில் போலி அடிக்கிறவர்களுக்கு லாபம் குறைவு என்பதால் போலியும் குறைவு.

ஃப்ளூகல்ஸ்தான் வேண்டும் என்று முடிவு செய்தால், 1993 முதல் 1996 வரையிலான லீக் ஜெர்ஸிகளில் மிசுனோ முத்திரை இருக்க வேண்டும். அந்த நாலு வருஷமும் லீக் ஆட்டங்களுக்கு எல்லா கிளப்புக்கும் அந்த ஒரே கம்பெனிதான் தைத்தது. கோப்பைப் போட்டிகளுக்கு ஒவ்வொரு கிளப்பும் வேறு கம்பெனியோடு போனது. அதனால் வேறு முத்திரை பார்த்தவுடன் போலி என்று சொல்லிவிடாதீர்கள்; விற்பவர் “லீக் ஆட்டம்” என்கிறாரா “கோப்பை” என்கிறாரா என்று கேளுங்கள். கழுத்துக்குள் இருக்கும் சலவைத் துணுக்கை வெளிச்சத்தில் படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். அனுப்பத் தயங்குகிறவரிடம் வாங்காதீர்கள்.

கடைசியாக உங்கள் 10,000 யென். ஜப்பானில் பழைய பொருளை வாங்கி விற்பதைத் தொழிலாகச் செய்கிறவர், கோபுட்ஸுஷோ என்ற அனுமதி வாங்கியிருக்க வேண்டும். காவல் நிலையம் வழியாக விண்ணப்பித்து வாங்குவது. தரகரிடம் அந்த அனுமதி எண்ணைக் கேளுங்கள், எழுத்தில் கேளுங்கள். 1995-இல் எண் 25 எப்படி வந்தது என்றும் அதே செய்தியில் கேட்டுவிடுங்கள். இரண்டுக்கும் பதில் வராமல் “பலர் வரிசையில் நிற்கிறார்கள், இன்றே மீதியைக் கொடுங்கள்” என்று வந்தால் செய்திகளை அழிக்காமல் வைத்துக்கொண்டு 188 என்ற எண்ணை அழையுங்கள். அது நுகர்வோர் உதவி எண். பக்கத்தில் இருக்கும் நுகர்வோர் மையத்துக்கு இணைத்துவிடுவார்கள். ஜப்பானிய மொழி நன்றாகத் தெரிந்த அலுவலக நண்பர் ஒருவரைக் கூட வைத்துக்கொள்ளுங்கள். தலைவரை மட்டும் கூப்பிடாதீர்கள், பரிசு வெளியே தெரிந்துவிடும்.